தலைவர் கடைசியில் பேச வேண்டும்

கோமளா நகர் வாசகர் வட்டம் ஆண்டுக்கு ஒரு முறை பரிந்துரைப் பட்டியல் வெளியிடும். மேலாண்மை, பொருளாதாரம், அரசியல் தலைமை என மூன்று தலைப்புகள். தலைப்புக்கு ஒருவர் பொறுப்பு. வட்டத்தின் உறுப்பினர்களும் மூவரே என்பதால் பொறுப்பைப் பிரித்துக்கொள்வதில் ஒருபோதும் சிக்கல் எழுந்ததில்லை. வங்கி அதிகாரியான பட்டாபிராமன் மேலாண்மையைப் பார்த்துக்கொண்டார். மகளிர் கல்லூரி ஒன்றில் பொருளாதாரம் கற்பித்த சுந்தரவல்லிக்குப் பொருளாதாரம். தொலைபேசித் துறையிலிருந்து ஓய்வு பெற்ற ராஜாராமனுக்கு எஞ்சியது அரசியல் தலைமை. எஞ்சியது என்று யாராவது சொன்னால் அவர் திருத்துவார்.

மற்றப் பட்டியல்களில் காணப்படாத ஒரு கட்டம் இந்தப் பட்டியலில் உண்டு. நூலின் பெயர், ஆசிரியர், விலை ஆகியவற்றை அடுத்து ‘எங்கே தொடங்கலாம்’ என்று ஒரு கட்டம் இருக்கும். முழு நூலையும் படிக்க எவருக்கும் நேரம் இராது என்பதை வட்டம் தொடக்கத்திலேயே ஒப்புக்கொண்டுவிட்டது. ஒரே ஓர் அத்தியாயம் மட்டும் படிக்க முடிந்தவர் எந்தப் பக்கத்தைத் திறக்க வேண்டும் என்பதை அந்தக் கட்டம் சொல்லும். அதை நிரப்புவதற்கு, பரிந்துரைப்பவராவது நூலை முழுவதும் படித்திருக்க வேண்டும். பட்டியலின் நேர்மை அந்தக் கட்டத்தைச் சார்ந்தே இருந்தது.

பட்டியல் சைக்ளோஸ்டைலில் படியெடுக்கப்பட்டு, நகரின் எல்லா வீட்டுக் கதவுகளுக்கும் அடியில் தள்ளப்படும். சில வீடுகளில் அது படிக்கப்பட்டது. ஆனால் பட்டியலைப் பார்த்து நூலைக் கேட்டு ஒருவர் வந்தார் என்பது தொண்ணூற்றாறாம் ஆண்டு கார்த்திகை மாதம் வரை நிகழவில்லை.

வந்தவர் தையல்நாயகி. நகரை உள்ளடக்கிய ஊராட்சிக்கு அவர்தாம் தலைவர். தாம்பரத்திலிருந்து திருநீர்மலைக்குப் போகும் வழியில், ஒருபுறம் பழைய ஊரும் மறுபுறம் கோமளா நகர் போன்ற புதிய குடியிருப்புகளுமாக இருந்தது அந்த ஊராட்சி. பத்தாண்டுகளுக்குப் பிறகு அந்த அக்டோபரில்தான் உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. தலைவர் பதவி பெண்களுக்கு ஒதுக்கப்பட்டதால், அதற்காக நெடுங்காலம் காத்திருந்த அரிகிருஷ்ணன் தம் மனைவியை நிறுத்தினார். தாம் நான்காவது வார்டில் நின்று, வென்று, துணைத் தலைவரும் ஆனார். ஏரிக்குக் கீழே இருந்த குடும்ப நிலத்தை மனைகளாகப் பிரித்து விற்றுவந்த அவருக்கு ஊரில் விரோதிகள் இல்லை. நல்லது கெட்டது எதுவானாலும் முதலில் வந்து நிற்பவர். ‘தலைவரு’ என்று மக்கள் அவரைத் தேர்தலுக்கு முன்பே அழைத்தார்கள். தேர்தலுக்குப் பின்பும் அந்தப் பழக்கத்தை மாற்றிக்கொள்ள அவர்களுக்குக் காரணம் தென்படவில்லை.

வட்டம் ராஜாராமன் வீட்டு மொட்டை மாடியில் ஞாயிற்றுக்கிழமைகளில் கூடும். மீனம்பாக்கத்தில் இறங்கும் விமானங்கள் தலைக்கு மேலே போகும்போது பேச்சை நிறுத்தி, போனபின் விட்ட சொல்லிலிருந்து தொடர்வது அங்கே வழக்கம். அப்படி ஒரு விமானத்துக்காக மூவரும் மௌனமாக இருந்தபோது தையல்நாயகி மாடிப்படி ஏறி வந்தார். நாற்காலிகள் மூன்றுதான் இருந்தன. ராஜாராமன் தம்முடையதைக் கொடுத்துவிட்டுக் கைப்பிடிச் சுவரில் சாய்ந்துகொண்டார்.

தையல்நாயகி வந்த காரியத்தை ஒளிவுமறைவில்லாமல் சொன்னார். ஊராட்சிக் கூட்டம் என்று ஒன்று இதுவரை கூடவே இல்லை. எழுத்தர் பொன்னுசாமி தீர்மானங்களை அழகான கையெழுத்தில் எழுதி, உறுப்பினர்களின் வீடுகளுக்கு எடுத்துப் போய்க் கையெழுத்து வாங்கி வருவார். எல்லா ஊராட்சிகளிலும் அதுவே நடைமுறை என்றும் சொல்வார். தையல்நாயகி தம் முதல் தீர்மானத்தில் கையெழுத்திட்டபோது அடுப்பில் குழம்பு கொதித்துக்கொண்டிருந்தது. அதுகூட அவரை உறுத்தவில்லை. முந்தின வாரம் ஒருவர் மனுவோடு வந்து, தலைவர் இருக்கிறாரா என்று கேட்டார். குளித்துக்கொண்டிருக்கிறார் என்று சொல்லி, வந்தவரை உட்காரவைத்துக் காபியும் கொடுத்தார் தையல்நாயகி. டம்ளரைக் கழுவும்போதுதான் தலைவர் யார் என்பது அவருக்கு நினைவு வந்தது.

“யாரும் என்ன ஏமாத்தல சார். என் வாயாலயே சொல்லிட்டேன். அதான் பேஜாரா கீது.”

பட்டாபிராமன் கண்ணாடியைத் துடைத்தார்.

“அந்த நாற்காலில நான் உக்காரணும்,” என்றார் தையல்நாயகி. “உக்காந்தா இன்னா பண்ணணும்னு தெரியணும். தெரியாம உக்காந்தா அவரு பக்கத்துல உக்காந்து எல்லாத்தையும் செஞ்சிடுவாரு. நல்லாவும் செஞ்சிடுவாரு. அதுக்கு எதுனா புக்கு கீதா?”

இந்தக் கேள்விக்காகத் தாங்கள் இத்தனை ஆண்டுகளாகக் காத்திருந்தது அந்த மூவருக்கும் அப்போதுதான் தெரிந்தது. அதன் விளைவாக மூவரும் ஒரே நேரத்தில் பேசினார்கள்.

ராஜாராமன் அறுநூறு பக்கத்துக்குக் குறையாத வாழ்க்கை வரலாறு ஒன்றைப் பரிந்துரைத்தார். ஒரு நாட்டையே வழிநடத்தியவரின் மனத்தைப் புரிந்துகொண்டவருக்கு ஓர் ஊராட்சி எம்மாத்திரம் என்பது அவர் வாதம். சுந்தரவல்லிக்கு அதில் உடன்பாடு இல்லை. தண்ணீர், விளக்கு, சாலை ஆகியவற்றை யார் கொடுக்க வேண்டும், யார் செலவில் என்பதைத் தெரிந்துகொள்ளாத தலைவர் எவரானாலும் கையெழுத்துப் போடும் இயந்திரமே என்றார். பட்டாபிராமன் இருவரும் முடிக்கும் வரை பொறுத்திருந்து, முதலில் கூட்டம் கூடட்டும், நாடும் தண்ணீரும் பிறகு வரட்டும் என்றார்.

வாதம் அடுத்த ஞாயிற்றுக்கிழமைக்கு ஒத்திவைக்கப்படும் நிலையில் இருந்தபோது, தையல்நாயகி பட்டியலைக் கையில் வாங்கினார். இரும்புலியூர்ப் பள்ளியில் பத்தாவது வரை படித்தவர். மாட்டுத் தீவனக் கடை ஒன்றைத் தாமே நடத்தியவர். தமிழில் இருந்த பகுதியை நிதானமாகப் படித்துக்கொண்டு வந்தவர், கடைசிக் கட்டத்தில் விரலை வைத்தார்.

“இது நல்லா கீது. எங்கே தொடங்கலாம்.” பட்டாபிராமன் பரிந்துரைத்த நூலுக்கு நேராக, ஏழாம் அத்தியாயம், கூட்டம் நடத்துதல் என்று எழுதியிருந்தது. “நான் இங்கயே தொடங்கிக்கிறேன்.”

ராஜாராமன் அதை ஓர் இடைக்கால ஏற்பாடாகவே எடுத்துக்கொண்டார். வாழ்க்கை வரலாற்றை அட்டை போட்டுத் தயாராக வைப்பதாகச் சொன்னார்.

நூல் ஆங்கிலத்தில் இருந்ததால், அத்தியாயத்தைத் தமிழில் சொல்லும் பொறுப்பைச் சுந்தரவல்லி ஏற்றார். கல்லூரி இல்லாத பிற்பகல்களில் அவர் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் இருவரும் அமர்ந்தார்கள். பெரிய நிறுவனங்களின் இயக்குநர் குழுக்களை மனத்தில் கொண்டு எழுதப்பட்ட அத்தியாயம் அது. கோல்ஃப் விளையாட்டிலிருந்து எடுத்துக்காட்டுகள் வந்தன. தம் பாடமல்லாத நூலில் எதையும் விட்டுவிட உரிமை இல்லை என்று கருதிய சுந்தரவல்லி, கோல்ஃபையும் விளக்கினார். பந்து குழிக்குள் போனதும் அடுத்த குழியைத் தேடிப் போவார்கள் என்று அறிந்த தையல்நாயகி, நம்ம ஊர் ரோட்டில் அதற்குத் தேடவே வேண்டாம் என்றார்.

அத்தியாயம் சொன்னவை எளியவைதாம். கூட்டத்துக்கு முன்கூட்டியே அழைப்பு அனுப்பி, பேச வேண்டிய பொருளை அதில் குறிப்பிட வேண்டும். பேசிப் பழக்கமில்லாதவரிடமிருந்து தொடங்கி, ஒவ்வொருவரையும் பெயர் சொல்லி அழைத்துக் கருத்துக் கேட்க வேண்டும். பெயர் சொல்லி அழைக்கப்பட்டவர் அடுத்தவருக்குப் பின்னால் ஒளிந்துகொள்ள முடியாது. தலைவர் கடைசியில் பேச வேண்டும். முதலில் பேசினால் மற்றவர்கள் தலையாட்டுவதோடு நின்றுவிடுவார்கள். முடிவை வாய்விட்டுச் சொல்லிக் கூட்டத்தை முடிக்க வேண்டும்.

பெயர் சொல்லி அழைக்கும் பத்தி வந்தபோது தையல்நாயகி கையை மேசையின்மேல் வைத்தார்.

“டீச்சர், எட்டு பேரு பேரச் சொல்லிடுவேன். ஒம்பதாவது பேரச் சொல்ல முடியாது.”

சுந்தரவல்லிக்கு ஒரு கணம் புரியவில்லை. புரிந்ததும், “ஆமாம்,” என்றார். அவருக்குத் திருமணமாகிப் பதினெட்டு ஆண்டுகள் ஆகியிருந்தன. கணவரோடு ஒரே பல்கலைக்கழகத்தில் படித்துக் காதலித்து மணந்தவர். அவரும் இதுவரை கணவரின் பெயரைச் சொன்னதில்லை. ரேஷன் கடையில் கேட்டபோதுகூட அட்டையைத் திருப்பிக் காட்டியிருக்கிறார். இதை அவர் தையல்நாயகியிடம் சொல்லவும் செய்தார். இருவரும் சற்று நேரம் சிரித்தார்கள். சிரித்து முடித்தபோதும் சிக்கல் அங்கேயே இருந்தது.

அது ஞாயிற்றுக்கிழமை வட்டத்தின் முன் வைக்கப்பட்டது. நூலாசிரியர் இதை எதிர்பார்க்கவில்லை என்பதைப் பட்டாபிராமன் வருத்தத்தோடு ஒப்புக்கொண்டார். பிறகு, அவர் துணைத் தலைவர்தானே, ‘துணைத் தலைவர் அவர்களே’ என்று அழைத்தால் போதாதா என்றார். தையல்நாயகி தலையை அசைத்தார்.

“மத்தவங்கள அஞ்சம்மா, லாசரஸ் சார்னு கூப்டுட்டு, அவர மட்டும் துணைத் தலைவர் அவர்களேன்னா, எல்லாரும் அவரு மூஞ்சியத்தான் பாப்பாங்க சார். இப்பவும் அதான நடக்குது?”

பட்டாபிராமன் மறுபடியும் கண்ணாடியைத் துடைத்தார். கூட்டத்தன்று பார்த்துக்கொள்ளலாம் என்று தையல்நாயகியே முடித்துவைத்தார்.

இதற்கிடையில் பேசுவதற்கு ஒரு பொருளும் வந்து சேர்ந்தது. ஊராட்சிக்கு ஒரு மேல்நிலை நீர்த்தொட்டி ஒதுக்கப்பட்டிருந்தது. இடத்தை ஊராட்சியே தீர்மானித்து அனுப்ப வேண்டும். ஏரிக்குக் கீழே தாம் பிரித்திருந்த மனைகளுக்கு நடுவில் இடம் தருவதாக அரிகிருஷ்ணன் முடிவு செய்து, தீர்மானத்தைப் பொன்னுசாமியிடம் எழுதச் சொல்லிவிட்டார். இதில் அவர் எதையும் மறைக்கவில்லை. தொட்டி வந்தால் மனை விலை ஏறும் என்பதைத் தம் மனைவியிடமே மகிழ்ச்சியோடு சொன்னார். இடத்தை இலவசமாகக் கொடுக்கிறோம், ஊருக்கும் நல்லது, நமக்கும் நல்லது, இதில் தவறு என்ன என்பது அவர் எண்ணம்.

மறுநாள் காலை தீர்மானம் கையெழுத்துக்கு வந்தது. தையல்நாயகி கையெழுத்திடவில்லை. கூட்டம் போட்டுப் பேசிய பிறகுதான் என்றார். பொன்னுசாமி, இதுவரை இல்லாத வழக்கம் என்று தயங்கி, துணைத் தலைவரைப் பார்த்தார்.

அரிகிருஷ்ணன் கோபித்துக்கொள்ளவில்லை. மனைவி கோமளா நகருக்குப் போய்ப் படிப்பதைத் தையல் வகுப்புக்குப் போவதைப்போல அவர் கருதியிருந்தார்.

“புக்குல போட்டுக்கிறானா?” என்றார்.

“போட்டுக்கிறான்.”

“சரி, நடத்து. நான் பக்கத்துல கீறேன் இல்ல? நீ பயப்படாத.”

அவர் அன்போடுதான் சொன்னார். அதுதான் தையல்நாயகிக்கு அச்சத்தைத் தந்தது.

கூட்டத்துக்கான அழைப்பு உறுப்பினர்கள் ஒன்பது பேருக்கும் போயிற்று. அதைக் கண்டு சிலர் கவலைப்பட்டார்கள். எட்டாவது வார்டின் அஞ்சம்மாள், யார் மீது என்ன புகார் என்று கேட்டுக்கொண்டு பொன்னுசாமியின் வீட்டுக்கே வந்துவிட்டார். பம்மல் தோல் பட்டறைகளுக்கு வேலைக்குப் போய்க்கொண்டிருந்தவர் அவர். அரைநாள் விடுப்பு எடுத்தால் அதற்கு ஒரு காரணம் வேண்டும். பேசத்தான் கூப்பிடுகிறார்கள் என்று அவரை நம்பவைக்கப் பொன்னுசாமிக்கு நெடுநேரம் ஆயிற்று. பொன்னுசாமியே அதை முழுவதும் நம்பவில்லை.

ஊராட்சி அலுவலகம் ஒரே அறை. சுவரோரம் பெஞ்சுகள், மேசைக்குப் பின்னால் முதுகில் வெள்ளைத் துண்டு விரித்த நாற்காலி. வழக்கமாக அதில் அமர்ந்து மக்களின் குறைகளைக் கேட்பவர் அரிகிருஷ்ணன். அன்று அவர் மழைக்குத் தலையில் கைக்குட்டையைப் போட்டுக்கொண்டு உள்ளே வந்தபோது, நாற்காலியில் தையல்நாயகி இருந்தார். அரிகிருஷ்ணன் சற்று நின்றார். பிறகு ஒரு மடக்கு நாற்காலியை எடுத்து, மேசையின் பக்கவாட்டில், மனைவிக்கு மிக அருகில் போட்டு அமர்ந்தார். தொலைவிலிருந்து பார்த்தால் மேசை இருவருக்கும் பொது என்று தோன்றியிருக்கும்.

கோமளா நகரின் உறுப்பினரான லாசரஸ் வந்தார். ஓய்வுபெற்ற ரயில் ஓட்டுநர். எங்கும் குறித்த நேரத்துக்கு வருபவர். மற்றவர்கள் அவருக்குப் பின்னால் வந்தார்கள்.

தையல்நாயகி பொருளை வாசித்தார். நீர்த்தொட்டியை எங்கே கட்டுவது. வாசித்துவிட்டு, நூல் சொன்னபடி மௌனமானார்.

எல்லோரும் மௌனமாக இருந்தார்கள்.

நூலாசிரியர் அறியாத இன்னொரு வழக்கமும் அந்த ஊரில் இருந்தது. தலைவர் வாயைத் திறக்கும் முன் யாரும் பேசுவதில்லை. அது மரியாதை. ஆகவே தலைவர் கடைசியில் பேசக் காத்திருந்தார். உறுப்பினர்கள் தலைவர் முதலில் பேசக் காத்திருந்தார்கள். ஒரு விமானம் கூரைக்கு மேலே போயிற்று. அது போன பிறகும் யாரும் எதையும் தொடரவில்லை, தொடங்கியிருந்தால்தானே தொடர்வதற்கு. பொன்னுசாமி பேனாவைத் திறந்து மூடினார். மெல்ல மெல்ல எல்லாக் கண்களும் மேசையின் பக்கவாட்டுக்குத் திரும்பின.

அரிகிருஷ்ணன் தொண்டையைச் செருமினார். மனைவிக்குப் பேச்சு வரவில்லை என்று அவருக்குப் பட்டது. உதவ வேண்டிய நேரம் இது.

“தலைவரம்மாவுக்குக் கொஞ்சம் புதுசு. அவங்க சார்பா நானே...”

“அஞ்சம்மா,” என்றார் தையல்நாயகி. குரல் தேவைக்கு அதிகமாகவே உயர்ந்துவிட்டது. “நீ சொல்லு. டேங்க்கு எங்க வந்தா நல்லா கீது?”

அஞ்சம்மாள் திடுக்கிட்டுத் திரும்பிப் பார்த்தார். பின்னால் சுவர்தான் இருந்தது.

“நானா? நான் இன்னா சொல்றது. பெரியவங்க பாத்துச் செய்யுங்க.”

“உன் தெருவுல தண்ணிக்கு இன்னா பண்றீங்க?”

அது அஞ்சம்மாளுக்கு நன்றாகத் தெரிந்த விஷயம். பள்ளிக்கூடத்துப் பக்கத்து அடிகுழாய்க்கு விடியும் முன் போவதையும், குடத்தை வரிசையில் விட்டுவிட்டு வேலைக்குப் போனால் குடமே காணாமல் போவதையும் சொன்னார். சொல்லச் சொல்ல வேகம் கூடியது. அந்தப் பக்கமே தொட்டி வந்தால் இரண்டு தெருவுக்கும் உதவும் என்று முடித்தபோது, தாம் ஒரு கருத்தைச் சொல்லிவிட்டதை உணர்ந்து வாயைப் பொத்திக்கொண்டார். அருகில் இருந்த பெண் உறுப்பினர் அவர் முதுகில் தட்டினார்.

தையல்நாயகி ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி அழைத்தார். லாசரஸ், தொட்டி கோமளா நகருக்குள் வர வேண்டும் என்பதே தம் மக்களின் விருப்பம் என்றும், அது நடக்காது என்பது தமக்குத் தெரியும் என்றும், பள்ளிக்கூடத்துப் பின்புறம் என்றால் குழாய் இழுக்கும் தூரம் பாதியாகக் குறையும் என்றும் சொன்னார். ஒருவர் கோயில் குளத்தருகே கேட்டார். ஒருவர் எங்கே வந்தாலும் சம்மதம் என்றார். எங்கே என்று பெயர் சொல்லி மறுபடி கேட்கப்பட்டபோது அவரும் பள்ளிக்கூடம் என்றார். அந்த அறையில் இவ்வளவு குரல்கள் கேட்டது அதுவே முதல் முறை. பொன்னுசாமி எழுதி மாளாமல் கையை உதறிக்கொண்டார்.

எட்டுப் பெயர்களும் தீர்ந்தன.

தையல்நாயகி வாயைத் திறந்து மூடினார். பக்கத்தில் இருந்தவரைப் பார்த்தார். அரிகிருஷ்ணன் நாற்காலியில் சாய்ந்து புன்னகையோடு காத்திருந்தார். என்ன தடுக்கிறது என்பது அவருக்குத் தெரியும். அறையில் இருந்த மற்றவர்களுக்கும் தெரியும். பெண்கள் இருவரும் தரையைப் பார்த்தார்கள்.

“இன்னா பண்ணும் பாவம், என் பேரு அதுக்கு வாயில வராது,” என்றார் அரிகிருஷ்ணன் எல்லோரையும் பார்த்து. “வுடுங்க. நானே கூட்டத்த முடிச்சி வெக்கிறேன்.”

சிரிப்பு எழுந்தது. அதில் கெட்ட எண்ணம் இல்லை. நல்ல குடும்பத்தைக் கண்டு சிரிக்கும் சிரிப்புத்தான். ஆனால் அதோடு பெஞ்சில் இருந்தவர்களின் முதுகுகள் தளர்ந்தன. லாசரஸ் கடிகாரத்தைப் பார்த்தார். பொன்னுசாமி, ஏற்கெனவே எழுதி வைத்திருந்த தீர்மானத்தை மேசையின் நடுவுக்கு நகர்த்தினார். இன்னும் ஒரு வாக்கியம் அரிகிருஷ்ணன் பேசியிருந்தால் கூட்டம் அவருடையதாகியிருக்கும்.

“நாலாவது வார்டு உறுப்பினர்,” என்றார் தையல்நாயகி.

சிரிப்பு நின்றது.

“நாலாவது வார்டு உறுப்பினர் அவரு கருத்தச் சொல்லலாம். கூட்டத்த நான் முடிச்சி வெக்கிறேன்.”

அரிகிருஷ்ணன் எழுந்து நின்றார். அதுவரை பேசிய எவரும் எழுந்து நிற்கவில்லை. எழ வேண்டும் என்று யாரும் சொல்லவும் இல்லை. ஏன் எழுந்தார் என்பது அவருக்கே விளங்கவில்லை. எழுந்துவிட்ட பிறகு உட்காருவதும் முறையாகத் தோன்றவில்லை. ஆகவே நின்றபடியே பேசினார். ஏரிக்குக் கீழே தம் நிலத்தில் இடம் இலவசமாகத் தருவதாகவும், ஊருக்குச் செலவில்லை என்றும், நாளைக்கு அங்கே ஐம்பது வீடுகள் வரும் என்றும் சொன்னார். நன்றாகவே பேசினார். மேடைகளில் பேசிப் பழகியவர். ஆனால் முடித்ததும் யாரும் தலையாட்டவில்லை. எல்லோரும் நாற்காலியைப் பார்த்தார்கள். துண்டு விரித்த நாற்காலியை.

“எட்டாவது வார்டு எதுனா சொல்லணுமா?” என்றார் தையல்நாயகி. அதன்பிறகு அவர் யாரையும் பெயர் சொல்லி அழைக்கவில்லை.

எட்டாவது வார்டு தயங்காமல் சொன்னது. “நாளைக்கு வர்றவங்களுக்கு நாளைக்குக் கட்டலாம் தலைவரே. இன்னிக்கு அங்க குடிக்கறதுக்கு ஆளே இல்லையே. மாடுதான் மேயுது.”

தலைவரே என்ற சொல் போய்ச் சேர்ந்த திசையை அரிகிருஷ்ணன் கவனித்தார். இன்னும் நின்றுகொண்டிருந்தவர் உட்கார்ந்தார்.

எல்லோரும் பேசியாயிற்று. தையல்நாயகி தாம் சொல்ல வேண்டியதைச் சொன்னார். நீளமாக இல்லை. இன்றைக்குத் தண்ணீர் இல்லாதவர்களுக்கு இன்றைக்குத் தொட்டி. பள்ளிக்கூடத்தின் பின்புறம் அரசு நிலமே இருக்கிறது. நான்காவது வார்டு உறுப்பினர் இடம் கொடுக்க முன்வந்ததை ஊராட்சி நன்றியோடு குறித்துவைத்துக்கொள்கிறது. குறித்துவைத்துக்கொள்கிறது என்பது சுந்தரவல்லியின் மொழிபெயர்ப்பில் கோல்ஃபுக்கு இரண்டு பக்கம் தள்ளி வந்த தொடர். அது அவ்வளவு இயல்பாக வாயில் வந்ததில் தையல்நாயகிக்கே வியப்பு. சம்மதம் உள்ளவர்கள் கை தூக்கலாம் என்றார்.

அஞ்சம்மாளின் கை முதலில் எழுந்தது. லாசரஸ், மற்ற பெண் உறுப்பினர், எங்கே வந்தாலும் சம்மதம் என்றவர். அரிகிருஷ்ணன் சுற்றிலும் பார்த்தார். ஐந்தாவது கை எழுவதையும் ஆறாவது கை யோசிப்பதையும் கண்டார். மனை விற்பவருக்குச் சந்தை எந்தப் பக்கம் போகிறது என்று தெரியாமல் இராது. தம் கையையும் தூக்கினார். ஆறாவது கை அதற்குப் பிறகே துணிந்தது.

தையல்நாயகி முடிவை வாய்விட்டுச் சொன்னார். பொன்னுசாமி தாம் முன்பே எழுதிவைத்திருந்த தீர்மானத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, புதிதாக ஒன்றை எழுதத் தொடங்கினார். அவருடைய கையெழுத்து அன்று அவ்வளவு அழகாக இல்லை. வேகமாக எழுத வேண்டியிருந்தது.

மழை விட்டிருந்தது. உறுப்பினர்கள் உடனே கலையவில்லை. வாசலில் நின்று, உள்ளே சொல்லாமல் விட்டவற்றை ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டிருந்தார்கள். அரிகிருஷ்ணன் வழக்கம்போல எல்லோருக்கும் டீ வாங்கிக் கொடுத்தார். தமக்கும் ஒரு டம்ளரை எடுத்துக்கொண்டு ஓரமாக நின்றார். லாசரஸ் அவரிடம் வந்து, உங்கள் பேச்சு நன்றாக இருந்தது என்றார். “டயத்துக்கு முடிச்சேன் இல்ல?” என்றார் அரிகிருஷ்ணன்.

இரவுச் சாப்பாட்டின்போது அவர் அதிகம் பேசவில்லை. தையல்நாயகி அதைச் சினம் என்று எடுத்துக்கொண்டு, கேட்காமலேயே அப்பளம் பொரித்தார். சினம் இல்லை. அரிகிருஷ்ணன் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்தார். பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் தொட்டி வந்தால், அங்கிருந்து தம் மனைகளுக்கு எத்தனை அடி குழாய் வேண்டும் என்பது ஒரு கணக்கு. அது ஒப்பேறும் என்றே தோன்றியது. மற்றது குழாயைப் பற்றியதன்று.

“என்ன எழுப்பி வுட்டுட்ட,” என்றார்.

“நான் எழுந்துக்கச் சொல்லலியே.”

“அதான் தெரியல. வார்டு நம்பரச் சொன்னதும் எழுந்துட்டேன். பள்ளிக்கூடத்துல அட்டெண்டென்ஸ் எடுக்கச் சொல்ல எழுந்துக்குவம் பாரு, அந்த மாதிரி.” அப்பளத்தை உடைத்தார். “நம்பரு புக்குல கீதா?”

“இல்ல. புக்குல பேரத்தான் சொல்லணும்னு போட்டுக்குது.”

அரிகிருஷ்ணன் ரசம் கேட்டு வாங்கிக்கொண்டார். பிறகு, தட்டைப் பார்த்தபடியே, சாதாரணமாகக் கேட்பவர்போலக் கேட்டார்:

“துணைத் தலைவருக்குன்னு தனியா எதுனா எழுதிக்கிறானா அதுல?”

தையல்நாயகி யோசித்தார். ஏழாம் அத்தியாயத்தைத் தவிர வேறு எதையும் அவர் படித்திருக்கவில்லை.

“டீச்சரக் கேட்டு எந்தப் பக்கம்னு சொல்றேன்,” என்றார்.

“சொல்லு,” என்றார் அரிகிருஷ்ணன். “மெதுவா படிக்கச் சொல்லு. எனக்கு இங்கிலீஷு வேகமா போனா புரியாது.”